ஜப்பானிய மனைவியின் சிறுவாடு

1968 டிசம்பர் 10. தோக்கியோவின் மேற்குப் புறநகரான ஃபுச்சூவில் அன்று காலை நல்ல மழை. சிறைச்சாலையின் உயர்ந்த மதிலை ஒட்டிய சாலையில் வங்கி ஊழியர் நான்கு பேர் காரில் போய்க்கொண்டிருந்தார்கள். பின்னால் மூன்று உலோகப் பெட்டிகள். தோஷிபா தொழிற்சாலை ஊழியர்களுக்கான ஆண்டு இறுதி போனஸ், 29 கோடியே 43 லட்சம் யென், முழுக்க ரொக்கமாக அவற்றில் இருந்தது. போலீஸ் உடையில், வெள்ளை மோட்டார் சைக்கிளில் வந்த ஒருவன் காரை மறித்தான். காரில் வெடிகுண்டு வைத்திருப்பதாகத் தகவல், இறங்குங்கள் என்றான். வண்டிக்கு அடியில் குனிந்து பார்த்தான். புகை கிளம்பியது. நான்கு பேரும் ஓடினார்கள். அவன் காரில் ஏறிப் பணத்தோடு போய்விட்டான். 1975-இல் வழக்குத் தொடரும் காலக்கெடுவும் முடிந்துபோனது. அவன் யாரென்று கடைசிவரை தெரியவில்லை.

ஜப்பானியக் கணவன் மனைவியைப் பற்றிப் பேச வந்த இடத்தில் இந்தத் திருட்டு எதற்கு? அதுவரை அந்நாட்டில் பெரும்பாலோர் சம்பளத்தைக் கையில்தான் வாங்கினார்கள். பழுப்புக் காகித உறை, உள்ளே நோட்டுகள், கூடவே கணக்குச் சீட்டு. மாதம் 25-ஆம் தேதி கணவன் அதைக் கொண்டுவந்து மனைவியிடம் நீட்டுவான். அவள் இரண்டு கைகளாலும் வாங்கி, முன்னோர் படங்கள் இருக்கும் புத்சுதன் மாடத்தின் முன் வைத்துக் கும்பிட்டுவிட்டுத்தான் பிரிப்பாள். வீட்டுக்கு வரும் வழியில் மிகைநேரச் சம்பளத்தில் இரண்டு நோட்டை உருவிக்கொள்ளக் கணவனுக்கு வாய்ப்பு இருந்தது. இவ்வளவு ரொக்கத்தை இப்படித் தூக்கிக்கொண்டு அலையலாமா என்று அந்தக் கொள்ளைக்குப் பிறகு நிறுவனங்கள் யோசிக்க ஆரம்பித்தன. 1970-களில் சம்பளம் நேராக வங்கிக் கணக்குக்குப் போவது வழக்கமாகிவிட்டது. பாஸ்புத்தகமும், கையெழுத்துக்குப் பதிலாக வைக்கும் முத்திரைக் கட்டையும் வீட்டில், மனைவியின் அலமாரியில். கணவன் தன் சம்பளத்தைக் கண்ணால் பார்ப்பதே நின்றது.

அப்புறம் அவன் செலவுக்கு என்ன செய்வான்? மனைவி கொடுப்பாள். இதற்குப் பெயர் கொசுகாய். குழந்தைகளுக்குக் கொடுக்கும் கைச்செலவுக் காசுக்கும் ஜப்பானிய மொழியில் இதே சொல்தான். மதியச் சாப்பாடு, காபி, சிகரெட், வேலை முடிந்து சக ஊழியர்களோடு குடிக்கப் போவது எல்லாம் இதற்குள் அடங்க வேண்டும். 1979-இல் தொடங்கி, பின்னாளில் ஷின்செய் வங்கி வெளியிட்ட ஒரு கணக்கெடுப்பு இந்தத் தொகையைப் பதிவு செய்திருக்கிறது. பொருளாதாரம் கொழித்த 1990-இல் ஆண் ஊழியரின் சராசரி கொசுகாய் மாதம் 77 ஆயிரம் யென்னைத் தாண்டியது. அண்மை ஆண்டுகளில் அது 40 ஆயிரத்தை ஒட்டியே நிற்கிறது. ஏறக்குறைய பாதி.

இதையெல்லாம் படிக்கிறவர்கள், ஜப்பானில் வீட்டு ஆட்சி பெண் கையில் என்று சொல்லிவிடுகிறார்கள். பணப்பையின் கயிற்றைப் பிடித்திருப்பவள் மனைவி என்று அங்கேயே ஒரு சொல்வழக்கு உண்டு. நானும் முதலில் அப்படித்தான் நினைத்தேன். ஆனால் இவ்வளவு அதிகாரம் உள்ள மனைவி, அதே பணத்தில் ஒரு பகுதியைக் கணவனுக்குத் தெரியாமல் ஏன் ஒளித்து வைக்க வேண்டும்? அதற்கென்று பல நூறு ஆண்டுப் பழமையுள்ள ஒரு சொல் ஏன் இருக்க வேண்டும்?

அந்தச் சொல் ஹெசோகுரி. சிறுவாடு என்ற சொல்லைக் கையில் வைத்திருக்கும் நமக்கு இதற்கு மேல் விளக்கம் தேவையில்லை. மளிகைக் காசில், துணிக்கு ஒதுக்கியதில், மீன்காரரிடம் பேரம் பேசியதில் மிச்சம் பிடித்துப் பெண்கள் சேர்க்கும் பணம். ஹெசோ என்பது நார் நூலைச் சுற்றி வைத்த கண்டு. வீட்டு வேலை முடிந்த நேரத்தில் பெண்கள் நூல் சுற்றி விற்றுச் சேர்த்த காசுதான் இந்தப் பெயரைப் பெற்றது. தொப்புளுக்கும் ஜப்பானிய மொழியில் ஹெசோ என்றே பெயர். அதனால் இடுப்பில் முடிந்து வைத்த பணம் என்றே பலர் எண்ணிக்கொள்கிறார்கள். ஆனால் நூல்கண்டை நினைவில் வைத்துக்கொள்வது நல்லது. சொல் பிறந்தபோது அது கணவனிடமிருந்து எடுத்த பணமே இல்லை, அவள் கையால் உழைத்த கூலி.

ஜப்பானில் புகழ்பெற்ற ஹெசோகுரிக் கதை 16-ஆம் நூற்றாண்டைச் சேர்ந்தது. யாமவுச்சி கசுதோயோ என்ற ஏழைச் சாமுராய் ஓர் அருமையான குதிரையைப் பார்க்கிறான். வாங்கப் பணமில்லை. வீட்டுக்கு வந்து புலம்புகிறான். மனைவி சியோ உள்ளே போய், முகம் பார்க்கும் கண்ணாடி வைக்கும் பெட்டியின் அடியிலிருந்து பத்துப் பொன்னை எடுத்து வந்து வைக்கிறாள். அந்தக் குதிரை ஓடா நொபுனாகாவின் கண்ணில் பட்டு அவனை உயர்த்துகிறது. பின்னாளில் அவன் தோசா நாட்டுக்கே பிரபுவாகிறான். போருக்கு முந்தைய பள்ளிப் பாடங்களில் நல்ல மனைவிக்கு இலக்கணமாகச் சியோ இடம்பெற்றாள்.

இது அப்படியே நடந்ததா என்பது வேறு விஷயம். அறிஞர் அராய் ஹகுசெகி 1702-இல் தொகுத்த பிரபு வம்ச வரலாற்றில் இந்தக் கதை இருக்கிறது. அதில் ஓர் இடம் என்னைப் பிடித்து நிறுத்தியது. பொன்னைப் பார்த்ததும் கணவனுக்கு மகிழ்ச்சி மட்டும் வரவில்லை, வருத்தமும் வருகிறது. இத்தனை வருடம் வறுமையில் பட்ட பாடு உனக்குத் தெரியும், இது இருக்கிறது என்று ஒரு வார்த்தை சொல்லவில்லையே, உனக்கு எவ்வளவு நெஞ்சழுத்தம் என்கிறான். உன் கணவனுக்குப் பெரிய காரியம் என்று வந்தால் மட்டும் இதைத் தொடு என்று சொல்லிப் பிறந்த வீட்டில் கொடுத்தது என்கிறாள் சியோ. மனைவியின் தியாகத்தை மட்டும் பேசுகிறவர்கள் கணவனின் இந்த வருத்தத்தைத் தாண்டிப் போய்விடுகிறார்கள். நல்லதற்காகவே மறைத்திருந்தாலும், மறைத்தது தெரியவரும்போது ஒரு கணம் நெஞ்சு சுருங்கத்தான் செய்கிறது. முந்நூறு ஆண்டுக்கு முன்பே அதை எழுதி வைத்திருக்கிறார்கள்.

சரி, ஏன் மறைத்தார்கள்? சட்டத்தைப் பார்த்தால் பாதி விடை கிடைத்துவிடும். 1898-இல் நடைமுறைக்கு வந்த குடும்பச் சட்டப்படி, மணமான பெண் கணவனின் அனுமதி இல்லாமல் கடன் வாங்க முடியாது, நிலம் வாங்கவோ விற்கவோ முடியாது, வழக்குப் போட முடியாது. அவள் சொத்தையே கணவன்தான் நிர்வகிப்பான். மனைவி வேறொருவனோடு உறவு வைத்தால் சிறை, கணவனுக்கு அப்படி ஒரு சட்டம் கிடையாது. 1947-இல்தான் இவையெல்லாம் ஒழிந்தன.

ஒழிந்த பிறகு வந்த புதிய சட்டத்தின் 762-ஆம் பிரிவு, திருமணத்துக்குப் பின் அவரவர் பெயரில் ஈட்டியது அவரவர் சொத்து என்றது. கேட்க நியாயமாக இருக்கிறது. ஆனால் சம்பாதிப்பவர் ஒருவர், வீட்டைப் பார்ப்பவர் இன்னொருவர் என்ற குடும்பத்தில் இதற்கு என்ன பொருள்? என் சம்பளத்தில் பாதி என் மனைவியின் உழைப்பு, எனவே வருமானத்தை இரண்டாகப் பிரித்தே வரி போட வேண்டும் என்று ஒரு கணவரே வழக்காடினார். 1961 செப்டம்பரில் உச்ச நீதிமன்றத்தின் முழு அமர்வு அதை ஏற்கவில்லை. விவாகரத்து ஆனால் சொத்துப் பங்கு கேட்கலாம், கணவன் இறந்தால் வாரிசுரிமை உண்டு, அதிலேயே சமத்துவம் வந்துவிடுகிறது என்றது. அதாவது அவள் பங்கு அவள் கைக்கு வர ஒன்று மணமுறிவு வேண்டும், இல்லையென்றால் மரணம் வேண்டும். இரண்டும் நடக்காதவரை பாஸ்புத்தகம் அவளிடம் இருக்கும், பணம் அவன் பெயரில் இருக்கும்.

இந்த நிலைமையில் இருக்கும் ஒருத்தியிடம் போய், நீ கணவனிடம் ஒளிவுமறைவு இல்லாமல் இருக்கிறாயா என்று கேட்பது எனக்கு நியாயமாகப் படவில்லை. எல்லாவற்றையும் சொல்வதற்கு முதலில் தனதென்று ஏதாவது இருக்க வேண்டும்.

வீட்டுக் கணக்கு எழுதும் பழக்கமும் அங்கே பழையது. ஜப்பானின் முதல் பெண் பத்திரிகையாளர் என்று சொல்லப்படும் ஹானி மொதோகோ 1904-இல் கக்கேய்போ என்ற வரவுசெலவுப் புத்தகத்தை அச்சிட்டு வெளியிட்டார். அரிசி, காய்கறி, விருந்தினர் என்று தனித்தனிக் கட்டங்கள். வீட்டுப் பணத்தில் ஒரு யென்கூடக் கணக்கில்லாமல் போகக் கூடாது என்பது நோக்கம். அந்தக் கட்டங்களுக்கு நடுவில்தான் ஹெசோகுரியும் வளர்ந்தது. அரிசிக் கட்டத்தில் கொஞ்சம் கூட்டி எழுதினால் போதும். பிறகு அந்த நோட்டு தன்சு எனப்படும் இழுப்பறைப் பெட்டிக்குள், கிமோனோ மடிப்புக்குள், ததாமிப் பாய்க்கு அடியில் போய்ச் சேரும்.

அது பெரும்பாலும் வெளிச்சத்துக்கு வருவது கணவன் இறந்த பிறகு. வாரிசு வரி கணக்கை ஒப்படைத்து ஒன்றிரண்டு ஆண்டு கழித்து வரி அலுவலகத்திலிருந்து இரண்டு பேர் வருவார்கள். மிகவும் மரியாதையாக, புத்சுதன் முன் ஊதுபத்தி ஏற்றிக் கும்பிட்டுவிட்டுத்தான் உட்காருவார்கள். தேநீர் வரும். உங்கள் கணவருக்கு என்ன பொழுதுபோக்கு, எங்கெல்லாம் பயணம் போவீர்கள் என்று பொதுவாகப் பேச்சு போகும். பிறகு மெல்லக் கேட்பார்கள்:

"அம்மா, உங்கள் பெயரில் உள்ள இந்தக் கணக்கில் இவ்வளவு தொகை இருக்கிறதே. நீங்கள் வேலைக்குப் போயிருக்கிறீர்களா?"

"இல்லை, வீட்டில்தான் இருந்தேன். வீட்டுச் செலவில் மிச்சம் பிடித்துச் சேர்த்தேன். நாற்பது வருடம்."

"அப்படியானால் அது யார் சம்பாதித்தது?"

பல வீடுகளில் நடப்பதைச் சேர்த்து நான் எழுதிய உரையாடல் இது. அந்தக் கடைசிக் கேள்விக்குத் தப்ப வழியில்லை. உனக்குத்தான் என்று கணவன் கொடுத்ததற்கு ஆதாரம் இல்லாவிட்டால், யார் பெயரில் இருந்தாலும் அது அவன் விட்டுப்போன சொத்துதான். அதற்கும் சேர்த்து வரி. மனைவிக்கு 16 கோடி யென் வரை வரி விழாதபடி பெரிய சலுகை உண்டு. ஆனால் வேண்டுமென்றே மறைத்தது என்று முடிவானால் அந்தத் தொகைக்குச் சலுகை கிடையாது. நாற்பது வருடம் தன்னுடையது என்று நினைத்து வைத்திருந்த பணம் சட்டத்தின் கண்ணில் ஒருநாளும் அவளுடையதாக இருக்கவில்லை என்பது, கணவனை இழந்து நிற்கும் நேரத்தில் அவளுக்குச் சொல்லப்படுகிறது. 2016 நவம்பரில் 500, 1000 ரூபாய் நோட்டு செல்லாது என்றபோது நம் ஊர்ப் பெண்கள் சிறுவாட்டை எடுத்து வீட்டு ஆண்களிடம் நீட்டி நின்றது நினைவிருப்பவர்களுக்கு இந்தக் காட்சி புரியும்.

பணம் ஒரு பக்கம். ஜப்பானியத் தம்பதியர் நடுவே பணத்தைவிடக் கனமான ஒரு மறைவும் நெடுங்காலம் இருந்தது. அது நோய்.

அந்நாளில் புற்றுநோய் என்று தெரிந்தால் மருத்துவர் அதை நோயாளியிடம் சொல்வதில்லை. குடும்பத்தார் மட்டும் வாருங்கள் என்று ஒரு சிறிய அறைக்குக் கூப்பிட்டு, மனைவியிடமோ கணவனிடமோ சொல்வார். அவள் நடைவழியில் நின்று முகத்தைத் துடைத்துக்கொண்டு, சிரித்தபடி படுக்கைக்குத் திரும்ப வேண்டும். வயிற்றுப் புண்தானாம், கொஞ்ச நாளில் சரியாகிவிடுமாம். எடை குறைவதும் மருந்து மாறுவதும் நோயாளிக்குத் தெரியாதா என்ன? அவருக்கும் தெரிந்துவிடும். ஆனால் மனைவி இவ்வளவு பாடுபட்டு மறைக்கிறாளே என்று அவரும் தெரியாததுபோல் இருப்பார். இப்படி இருவரும் நடித்து, கடைசி வார்த்தையைச் சொல்லாமலே பிரிந்த தம்பதிகள் எத்தனையோ பேர். பேரரசர் ஹிரோஹிதோவுக்கே இதுதான் நடந்தது. 1987 செப்டம்பரில் அறுவைச் சிகிச்சைக்குப் பின் நாட்டுக்கு அறிவிக்கப்பட்டது நாள்பட்ட கணைய அழற்சி. புற்றுநோய் என்று வெளியே சொன்னது 1989 ஜனவரி 7 அன்று அவர் இறந்த பிறகு. அவரிடமும் சொல்லவில்லை.

நாகோயாவில் ஒரு பெண்ணுக்குப் பித்தப்பைப் புற்றுநோய் என்று மருத்துவர் சந்தேகித்தார். அவளிடம் பித்தக்கல், அறுவை வேண்டும் என்று மட்டும் சொன்னார். கல்தானே என்று அவள் சேர்க்கையைத் தள்ளிப்போட்டாள். சில மாதங்களில் நோய் முற்றி இறந்தாள். வழக்கு 1995-இல் உச்ச நீதிமன்றத்தில் முடிந்தது. அன்றைய மருத்துவ வழக்கப்படி மருத்துவர் செய்தது தவறில்லை என்று தீர்ப்பு. 2002-இல் இன்னொரு வழக்கில், நோயாளியிடம் சொல்வதில்லை என்று முடிவெடுத்தால் குடும்பத்தாரிடமாவது சொல்வதைப் பற்றி மருத்துவர் யோசித்திருக்க வேண்டும் என்றது அதே நீதிமன்றம். இப்போது நிலைமை தலைகீழ். பத்தில் ஒன்பது நோயாளிகளுக்கு மேல் தம் நோயின் பெயரை நேராகக் கேட்டுக்கொள்கிறார்கள்.

அந்தப் பழைய மௌனம் அன்பால் வந்தது என்பதை நான் மறுக்கவில்லை. நடைவழியில் கண்ணைத் துடைத்துக்கொண்டவளின் அன்பு பொய்யில்லை. இருந்தாலும் அவர் உயிர், அவர் நாட்கள். எத்தனை நாள் மிச்சம் என்பது அவருக்குத்தான் முதலில் தெரிய வேண்டும். ஹெசோகுரியில் மறைத்தவள் பங்கில்லாதவள். இங்கே எதிலும் பங்கில்லாமல் போனது படுக்கையில் கிடந்தவர்.

இதையெல்லாம் ஜப்பானியப் பண்பாடு என்ற ஒரே பெட்டிக்குள் போட்டு மூடுவது எளிது. வெளியில் சொல்வது ததெமாயே, உள்ளத்தில் இருப்பது ஹொன்னே என்ற சொற்கள் இருக்கின்றன. தெரியாதவன் புத்தனைப்போல் நிம்மதியானவன் என்று பழமொழி இருக்கிறது. பொய்யும் ஒரு உபாயம் என்று இன்னொன்று. எரியும் வீட்டுக்குள் விளையாடிக்கொண்டிருக்கும் பிள்ளைகளை, வண்டி தருகிறேன் வா என்று ஆசை காட்டி வெளியே அழைத்த தகப்பனின் புத்த மதக் கதையோடு சேர்த்து அதைச் சொல்வார்கள். நல்ல கணவன் மனைவி வாய் திறக்காமலே ஒருவரை ஒருவர் அறிவார்கள் என்ற எண்ணமும் ஆழமானது. இதெல்லாம் உண்மைதான். ஆனால் பழமொழி மாறாமல் இருக்கும்போதே நோயை மறைக்கும் வழக்கம் ஒரு தலைமுறையில் மறைந்துவிட்டதே. பண்பாடு மட்டுமே காரணம் என்றால் அது எப்படி நடந்திருக்கும்?

கணவர்களும் மறைத்தார்கள். 1997 நவம்பரில் யாமயிச்சி என்ற பெரிய பங்கு வர்த்தக நிறுவனம் மூடப்பட்டது. அதையொட்டிய ஆண்டுகளில் வேலை போன நடுவயது ஆண்கள் பலர், அதை வீட்டில் சொல்லத் துணியாமல், தினமும் கோட்டு சூட்டோடு கிளம்பிப் பூங்காவிலும் நூலகத்திலும் பொழுதைக் கழித்துவிட்டு மாலை திரும்பினார்கள். சம்பளம் கொண்டுவருவது ஒன்றே வீட்டில் தனக்குள்ள இடம் என்று நினைத்தவனுக்கு அதை இழந்ததைச் சொல்ல வாய் வரவில்லை. சிலர் சம்பளம் வந்ததுபோல் காட்ட சரகின் எனப்படும் வட்டிக் கடை நிறுவனங்களில் கடன் வாங்கினார்கள். மனைவிமாரும் வாங்கினார்கள். அன்றாடக் குடும்பச் செலவுக்கு வாங்கிய கடன்தான் இருவரையும் சேரும், மற்றது வாங்கியவர் தலையில். 2010 ஜூனில் முழுமையாக நடைமுறைக்கு வந்த சட்டத்துக்குப் பிறகு, வருமானமில்லாத இல்லத்தரசி இந்த நிறுவனங்களில் கடன் வாங்கக் கணவனின் சம்மதம் வேண்டும். ரகசியக் கடனின் பெரிய கதவு அதோடு சாத்தப்பட்டது.

ஆனால் சட்டம் மாறியதால் கணவர்கள் உண்மையிலேயே அதிர்ந்த இடம் வேறு. 2007 ஏப்ரலிலிருந்து, மணமுறிவின்போது கணவனின் ஓய்வூதியக் கணக்கில் மணவாழ்வுக் காலத்துக்குரியதில் பாதி வரை மனைவி பிரித்துக்கொள்ளலாம் என்று வந்தது. ஜப்பானில் 2002-இல் 2,89,836 விவாகரத்துகள், அதுவே உச்சம். அதன் பின் எண்ணிக்கை இறங்கியது. மனைவிமார் 2007-க்காகக் காத்திருக்கிறார்கள் என்று பத்திரிகைகள் எழுதின. ஓய்வு பெற்று வீடு திரும்பும் நாளில், இனி சேர்ந்து ஊர் சுற்றலாம் என்று கணவன் நினைக்கிறான். மனைவி விவாகரத்துப் படிவத்தை மேசைமேல் வைக்கிறாள். பல வருடமாக அவள் மனதில் இருந்ததைப் பற்றி அவனுக்கு ஒரு துளியும் தெரியாது. 2022-இல் நடந்த விவாகரத்துகளில் 23 சதவீதத்துக்கு மேல், 20 ஆண்டுக்கும் கூடுதலாக வாழ்ந்த தம்பதிகளுடையவை.

கணவன் மனைவி ஒருவருக்கொருவர் கொடுத்த வாக்கைத் திருமணம் நீடிக்கும்வரை எப்போது வேண்டுமானாலும் ரத்து செய்துகொள்ளலாம் என்று அந்நாட்டுச் சட்டத்தில் ஒரு பிரிவு 19-ஆம் நூற்றாண்டிலிருந்தே இருந்து வந்தது. இந்த வீட்டை உன் பெயருக்கு எழுதுகிறேன் என்று சொன்ன கணவன் மறுநாளே இல்லை என்று சொல்லலாம், மனைவி ஒன்றும் செய்ய முடியாது. குடும்ப விவகாரத்தில் சட்டம் தலையிடக் கூடாது என்பது அதற்குச் சொன்ன காரணம். 2024-இல் நிறைவேறிய திருத்தத்தில்தான் அந்தப் பிரிவை நீக்கினார்கள்.

இளைய தம்பதிகளிடம் ஹெசோகுரிக்குத் தேவை குறைந்து வருகிறது. இருவரும் வேலைக்குப் போகும் குடும்பங்கள் 1990-களிலேயே கணவன் மட்டும் சம்பாதிக்கும் குடும்பங்களை முந்திவிட்டன, இப்போது இரண்டு மடங்குக்கும் மேல். அவரவர் சம்பளம் அவரவர் கணக்கில். வாடகை ஒருவர், மளிகை ஒருவர். இதில் ஒளிக்க ஒன்றுமில்லை, கேட்பாரும் இல்லை. இணையர் எவ்வளவு சேர்த்து வைத்திருக்கிறார் என்று தெரியாமலே பத்து வருடம் ஓடிவிடுகிறது.

வயதான மனைவிமாரிடம் மட்டும் இன்னொரு மறைவு இருக்கிறது. கணவன் இறந்த பிறகு மாமனார் மாமியார் குடும்பத்தோடு உள்ள சட்ட உறவை முறித்துக்கொள்ள நகராட்சி அலுவலகத்தில் ஒரு படிவம் உண்டு. இறப்புக்குப் பின் விவாகரத்து என்று மக்கள் அதைச் சொல்கிறார்கள். 2012-இல் 2 ஆயிரத்துச் சொச்சம் பேர் கொடுத்தார்கள், 2017-இல் அது 5 ஆயிரத்தை நெருங்கியது. கொடுப்பதற்குக் காலக்கெடு கிடையாது. கணவன் வீட்டார் யாருடைய சம்மதமும் வேண்டாம், அவர்களுக்குத் தகவலும் போகாது. வாரிசுச் சொத்தும் குடும்ப ஓய்வூதியமும் அப்படியே இருக்கும். அவள் பக்கத்து ஊர்ப் பேருந்தில் போய்க் கையெழுத்துப் போட்டுவிட்டு வந்து, மாலையில் வழக்கம்போல் அவன் படத்தின் முன் சோறு வைப்பாள்.